எச்டி என்ற பெயர் போதுமா?

சூப்பர் ஹீரோ படங்களில் இருட்டுச் சண்டையும் இடிமுழக்க ஒலியும் அதிகம். வீட்டுத் திரையில் அவற்றின் தரத்தை முடிவு செய்வதில் முக்கியமானது, நொடிக்கு வந்து சேரும் தகவலின் அளவு.

1993-இல் வந்த விசிடியில் படத்துக்குக் கிடைத்தது நொடிக்குச் சுமார் 1 மெகாபிட். இருட்டுக் காட்சிகள் கட்டம் கட்டமாக உடைந்தன. 2006-இல் வந்த புளூரே 40 மெகாபிட் வரை இடம் தந்தது. ஒலியையும் குறைக்காமல் காத்தது. 2008 டிசம்பரில் அந்த வட்டில் வெளியான பேட்மேன் படம் 'தி டார்க் நைட்'டில், ஐமேக்ஸ் கேமராவில் எடுத்த காட்சிகள் தொலைக்காட்சித் திரை முழுவதையும் நிறைத்தன.

இன்று வட்டு ஒதுங்க, சேமிப்பு நினைவகச் சில்லுகளுக்கு மாறிவருகிறது. பினாங்கின் பத்து காவானில் அதற்கென மைக்ரான் 2023-இல் புதிய ஆலையே திறந்தது. படமோ இணையத்தில் வருகிறது. சுருக்கும் நுட்பம் வளர்ந்திருக்கிறது, உண்மைதான். ஆனால் 5 மெகாபிட்டில் ஓடுவதற்கும் எச்டி என்றே பெயர். வசதி கூடியது, தரம் கூடியதா? காசு கொடுப்பவர்தான் கேட்க வேண்டும்.