ரையா தல்வியோ

பின்லாந்தைச் சேர்ந்த படத்தொகுப்பாளர், திரைக்கதை ஆய்வாளர். 1980களின் பிற்பாதியில் இயக்குநர் அகி கௌரிஸ்மாகி உலகத் திரையரங்குகளில் அறியப்படத் தொடங்கிய காலத்துப் படங்களைத் தொகுத்தவர்.

கௌரிஸ்மாகியின் முதல் கதைப்படமான 'குற்றமும் தண்டனையும்' (1983) வெய்க்கோ ஆல்டோனனின் தொகுப்பில் வந்தது. அடுத்த படமான 'கலமாரி யூனியன்' (1985) தொடங்கித் தல்வியோவின் பெயர் வருகிறது. ஹெல்சிங்கியின் உழைப்பாளர் பகுதியான கல்லியோவிலிருந்து வசதி படைத்த எய்ராவை நோக்கி ஓர் ஆண்கள் கூட்டம் புறப்படும் கறுப்பு வெள்ளைப் படம் அது. அதை இயக்குநருடன் சேர்ந்து தொகுத்தார். பிறகு ஆண்டுக்கு ஒன்றாக 'ஷாடோஸ் இன் பாரடைஸ்' (1986), 'ஹாம்லெட் கோஸ் பிசினஸ்' (1987), 'ஏரியல்' (1988), 'லெனின்கிராட் கௌபாய்ஸ் கோ அமெரிக்கா' (1989) ஆகியவை வந்தன.

இவற்றில் தல்வியோவின் கைத்திறன் முழுமையாகத் துலங்குவது 'ஏரியல்' படத்தில்தான். லாப்லாந்தில் சுரங்கம் மூடப்படுகிறது. வேலையிழந்த முதியவர் தன் காடிலாக் காரின் சாவியை இளையவன் தைஸ்தோவிடம் கொடுத்துவிட்டுக் கழிப்பறைக்குள் போகிறார். அவர் தன்னைச் சுட்டுக்கொள்வதை நாம் பார்ப்பதில்லை. வெடிச்சத்தம் மட்டும் கேட்கிறது. அழுகைக்கோ விளக்கத்துக்கோ படம் நிற்பதில்லை. கார் வெளியே வந்ததும் கொட்டகை சரிந்து விழுகிறது, தைஸ்தோ தெற்கே போய்விடுகிறான். துயரத்தை நீட்டாமல் வெட்டிவிடுவதால் அது படம் முழுக்கக் கூடவே வருகிறது.

'ஷாடோஸ் இன் பாரடைஸ்' இதற்கு மறுபக்கம். குப்பை வண்டித் தொழிலாளி நிக்காந்தரும் கடைக் காசாளர் இலோனாவும் அதிகம் பேசுவதில்லை. மத்தி பெல்லோன்பா, காத்தி ஔட்டினன் இருவரின் அசைவற்ற முகங்களில் ஷாட் தங்கி நிற்கிறது. வசனம் முடிந்த இடத்தில் வெட்டாமல் காத்திருக்கும் அந்தப் பொறுமையில்தான் காதல் தெரிகிறது. இரு படங்களும் 80 நிமிடங்களுக்குள் முடிகின்றன.

இவ்விரண்டும் அடங்கிய தொழிலாளர் முப்படத் தொகுதியில் மூன்றாவதான 'தி மேட்ச் ஃபேக்டரி கேர்ள்' (1990) படத்தைக் கௌரிஸ்மாகியே தொகுத்தார். பிற்காலப் படங்களுக்குத் திமோ லின்னசாலோ, சாமு ஹெய்க்கிலா போன்றோர் வந்தனர். ஆனால் கௌரிஸ்மாகி பாணி என்று இன்று ரசிகர்கள் சொல்லும் சிக்கனமும் நிதானமும் உருவான ஆண்டுகள் தல்வியோ பணியாற்றியவை. இயக்குநரின் புகழில் அவர் பங்கு உரிய அளவு பேசப்படவில்லை.

பின்னர் அவர் திரைக்கதைப் பக்கம் திரும்பினார். ஹெல்சிங்கியில் திரைக்கதை கற்பித்தார். பின்லாந்தில் 1931 முதல் 1941 வரை திரைக்கதை எழுதப்பட்ட விதத்தை ஆராய்ந்து, 2015இல் ஆல்டோ பல்கலைக்கழகத்தில் முனைவர் பட்டம் பெற்றார்.