முற்றுகைக்குப் பின்: பறம்புப் போரின் மறுகூறல்களும் தெர்மோபிலேயும்

திருக்கோவிலூரில் தென்பெண்ணை ஆற்றின் நடுவே ஒரு பாறையும் அதன்மேல் சிறிய கோயில் கட்டுமானமும் இருக்கின்றன. ஊர்க்காரர்கள் அதைக் கபிலர் குன்று என்கிறார்கள். 2019 நவம்பரில் கள்ளக்குறிச்சி தனி மாவட்டமானபோது, மேற்கே கல்வராயன் மலையோடு கிழக்கே இந்தப் பாறையும் அதன் எல்லைக்குள் வந்தது. சங்க காலத்தில் இது மலையமான்களின் நாடு. மூவேந்தர் முற்றுகையிட்ட வேள் பாரியின் பறம்பு மலையோ சிவகங்கை மாவட்டத்துப் பிரான்மலை என்று கருதப்படுகிறது. போர் தெற்கே நடந்தது. அதன் முடிவு இங்கே வந்து சேர்ந்தது. தமிழில் பலமுறை திரும்பச் சொல்லப்பட்ட இந்த முற்றுகைக் கதையில் ஒவ்வொரு காலமும் எதை வைத்துக்கொண்டது, எதை விட்டது என்பதே இக்கட்டுரையின் கேள்வி.

ஒப்பிட்டுப் பார்க்க கிரேக்கத்துத் தெர்மோபிலே போர் உதவும். கி.மு. 480இல் பாரசீகப் பேரரசன் செர்க்சஸின் பெரும்படையை, ஸ்பார்ட்டா மன்னன் லியோனிடாஸ் ஒரு குறுகிய கணவாயில் மூன்று நாள் தடுத்து நின்றான். எஃபியால்டிஸ் என்பவன் பகைவருக்கு மலைப்பாதையைக் காட்டிக் கொடுத்தான். ஸ்பார்ட்டர்கள் 300 பேர் என்பது உலகறிந்த கணக்கு. கடைசி நாளில் அவர்களோடு நின்று மடிந்த தெஸ்பியா நகரத்தார் 700 பேரையும் வரலாற்றாசிரியர் ஹெரோடோட்டஸ் பதிவு செய்திருக்கிறார். 1962இல் ருடால்ஃப் மாட்டே இயக்கிய ‘தி 300 ஸ்பார்ட்டன்ஸ்’ அவர்களை மறக்கவில்லை. அந்தப் படத்தைச் சிறுவயதில் பார்த்த ஃப்ராங்க் மில்லர் 1998இல் ‘300’ என்ற காமிக்ஸை எழுதி வரைந்தார். வண்ணம் லின் வார்லி. சாக் ஸ்னைடர் அதை 2006இல் படமாக்கியபோது, உடன் நிற்கும் படை ஆர்க்காடியர்கள் என்றாகி, அவர்களும் இடையில் விலகிப் போகிறார்கள். 700 பேர் கதையிலிருந்தே மறைந்தார்கள். பாரசீகர்கள் கோரவுருவங்களாக வரையப்பட்டதை ஈரான் அரசு வெளிப்படையாகக் கண்டித்தது.

கதை சொல்பவனுக்கு நேர்ந்த மாற்றம் இதைவிட முக்கியமானது. கண்ணோயால் போரில் நில்லாமல் ஊர் திரும்பிய அரிஸ்டோடெமஸ் என்ற ஸ்பார்ட்டனைப் பற்றி ஹெரோடோட்டஸ் சொல்கிறார். ஊரில் யாரும் அவனோடு பேசவில்லை, நெருப்புக்கூடக் கொடுக்கவில்லை, நடுங்கி என்று இகழ்ந்தார்கள். மறுஆண்டு பிளாட்டீயா போரில் வெறிகொண்டு சண்டையிட்டுச் செத்தான். காமிக்ஸிலும் படத்திலும் அந்த இடத்தில் டிலியோஸ் நிற்கிறான். ஒரு கண்ணை இழந்த அவனை மன்னனே கதை சொல்ல அனுப்புகிறான். அவனும் முழங்கிச் சொல்லி அடுத்த போருக்கு ஆள் திரட்டுகிறான். உயிர் பிழைத்தவனின் வலி இப்படிப் போர்முழக்கமாக மாறியது.

தமிழில் பிழைத்து நின்று சொன்னவர் பாரியின் நண்பரான புலவர் கபிலர். புறநானூற்றில் 105 தொடங்கிப் பாரியையும் பறம்பையும் பற்றி அவர் பாடிய பாடல்கள் வரிசையாக நிற்கின்றன. 109ஆம் பாட்டில் முற்றுகையிட்ட மன்னர்களை நோக்கி, உழவர் உழாமலே இந்த மலை மூங்கில் நெல்லும் பலாவும் வள்ளிக்கிழங்கும் தேனும் தரும், பட்டினி போட்டு இதைப் பிடிக்க முடியாது என்கிறார். 110இல் வரும் கணக்கு வியப்பானது: பறம்பு நாட்டின் ஊர்கள் 300, அத்தனையையும் பரிசிலர் ஏற்கெனவே பெற்றுப் போய்விட்டார்கள், இனி மிச்சம் பாரியும் நானும் இந்தக் குன்றும்தான், பாடிக்கொண்டு வந்தால் இவற்றையும் பெறலாம். கிரேக்கத்தில் 300 நின்று மடிந்தவர்களின் எண்ணிக்கை. பறம்பில் அது கொடுத்துத் தீர்ந்ததன் எண்ணிக்கை.

போர் எப்படி முடிந்தது என்பதைக் கபிலர் பாடல்கள் காட்சியாகச் சொல்வதில்லை. அகநானூறு 78இல் நக்கீரர், கபிலரின் சூழ்ச்சியால் தொலைவிலிருந்து நெல்லைக் கொணர்ந்து பல ஆண்டு தாக்குப்பிடித்த பாரி வேந்தர்களை ஓட்டினான் என்கிறார். அகம் 303இல் ஔவையார், பறம்பின் குருவிக்கூட்டம் காலையில் போய்ச் செந்நெல் கொண்டுவருவதைப் பாடுகிறார். இரண்டையும் சேர்த்தே, கபிலர் பறவைகளைப் பழக்கி முற்றுகையைத் தாண்டி நெல் கொணர்ந்த கதை உருவாயிற்று. ஆனால் பாரியின் மகளிர் பாடிய 112ஆம் பாட்டில் குன்றும் போயிற்று, தந்தையும் இல்லை. வெற்றியும் வீழ்ச்சியும் ஒரே தொகை மரபுக்குள் அருகருகே இருக்கின்றன. அவற்றை இணைக்கும், பாரி வஞ்சகமாகக் கொல்லப்பட்ட கதை பின்னால் வளர்ந்தது. எஃபியால்டிஸைப் போல ஒரு துரோகம் இல்லாமல் நல்லவனின் தோல்வியை விளக்கக் கதை மரபுக்கு மனம் வரவில்லை போலும்.

சங்கப் புலவர்கள் தங்கிநின்ற இடம் போருக்குப் பிந்திய நாட்கள். 113இல் கள் சாடி திறந்து, ஆடு அடித்து, சோறும் கறியும் குறையாமல் தந்த மலையைக் கண்ணீரோடு தொழுது கபிலர் பிரிகிறார். 116ஆம் பாட்டை நெருங்கிப் பார்க்க வேண்டும். முள்வேலி போட்ட ஒரு சிறு வீடு, முற்றத்தில் பஞ்சு, பீர்க்கும் சுரையும் படர்ந்த பக்கத்தில் ஈச்ச இலைக் குப்பைமேடு. அதன்மேல் ஏறி நின்று பாரியின் பெண்கள் வழியே போகும் உமணரின் உப்பு வண்டிகளை எண்ணுகிறார்கள். முன்பு மலையுச்சியிலிருந்து இவர்கள் எண்ணியவை, போரிட வந்த மன்னர்களின் குதிரைகள். எண்ணும் பழக்கம் மாறவில்லை, எண்ணப்படுவது மாறிவிட்டது. போரின் விலையை இதைவிடக் கூர்மையாகச் சொன்ன வரிகளை நான் வேறெங்கும் படித்ததில்லை.

அந்தப் பெண்களை மணந்துகொள்ளக் கேட்டு விச்சிக்கோன், இருங்கோவேள் என்ற மன்னர்களிடம் கபிலர் அழைத்துச் சென்றதை 200 முதல் 202 வரையான பாடல்கள் காட்டுகின்றன. இருவரும் ஏற்கவில்லை. 236ஆம் பாட்டின் கொளு, அதாவது பாடலோடு வரும் உரைநடைக் குறிப்பு, அவர்களைப் பார்ப்பாரிடம் ஒப்படைத்துவிட்டுக் கபிலர் வடக்கிருந்தார் என்கிறது. முதலாம் இராசராசன் காலத்துத் திருக்கோவிலூர் வீரட்டானேசுவரர் கோயில் கல்வெட்டு வேறு மாதிரிச் சொல்கிறது: கபிலர் பாரியின் அடைக்கலப் பெண்ணை மலையருக்கு, அதாவது மலையமான்களுக்குக் கொடுத்துவிட்டுத் தீயில் புகுந்தார், அந்தக் கல் கபிலக்கல். பட்டினி கிடந்து இறந்தாரா, தீப்புகுந்தாரா என்ற வழக்கில் தீர்ப்புச் சொல்வதைவிட, கல்வெட்டு செய்த வேலையைக் கவனிப்பது பயன் தரும். அலைந்து திரிந்த கதைக்கு அது ஓர் ஊரைக் கொடுத்தது. அதோடு மலையர் குலத்துக்குப் பெருமையையும் சேர்த்தது: இரண்டு மன்னர்கள் மறுத்த பெண்ணை ஏற்றவர்கள் எங்கள் நாட்டார் என்று.

அடுத்த மாற்றம் தனிப்பாடல் மரபில் நடந்தது. சங்கப் பாட்டில் பெயரில்லாத பெண்கள் அங்கவை, சங்கவை ஆனார்கள். கபிலரின் இடத்துக்கு ஔவை வந்தார். மணமகன் திருக்கோவலூர்த் தெய்வீகன். அந்தத் திருமணத்துக்கு மூவேந்தரும் அழைக்கப்படுகிறார்கள். ஔவை பாட, பனந்துண்டம் தளிர்த்துப் பழம் தருகிறது. முற்றுகையிட்டவர்களே கல்யாண விருந்தாளிகள் ஆனார்கள்! பாரசீகனைக் கோரமாக வரைவது ஹாலிவுட்டுக்கு எளிது, அவன் அயலான். சேர சோழ பாண்டியரைத் தமிழ் மரபு அப்படி வரைய முடியாது. ஆகவே அது பகையைப் பந்தியில் உட்கார வைத்துத் தீர்த்துக்கொண்டது.

இந்த ஔவை மரபைத்தான் சினிமா எடுத்துக்கொண்டது. கே.பி. சுந்தராம்பாள் நடிக்க, கொத்தமங்கலம் சுப்பு இயக்கி, எஸ்.எஸ். வாசனின் ஜெமினி தயாரித்த ‘ஔவையார்’ 1953இல் வந்தது. ஜெமினி கணேசன் தெய்வீகனாக நடித்தார். யானைக்கூட்டம் திரண்டு வந்து கோட்டையைத் தகர்க்கும் காட்சிதான் அந்தப் படத்தில் பெரிதும் பேசப்பட்டது. 1894இல் உ.வே.சாமிநாதையர் புறநானூற்றைப் பதிப்பித்து அறுபது ஆண்டு நெருங்கிய பிறகும், வெகுமக்கள் திரையில் கண்டது உப்பு வண்டி எண்ணிய பெண்களை அல்ல. 2007இல் ‘சிவாஜி’ படம் அதே பெயர்களைக் கருநிறப் பெண்களைக் கேலி செய்யும் நகைச்சுவைக்குப் பயன்படுத்தியது, எதிர்ப்பும் எழுந்தது. அந்த எதிர்ப்பு நியாயமானது. அடைக்கலம் தேடி வாசல் வாசலாக நின்ற பெண்களை மறுபடியும் ஒருமுறை வாசலில் நிறுத்தி அவமதித்த காட்சி அது.

சு. வெங்கடேசன் ஆனந்த விகடனில் 2016 முதல் 2018 வரை எழுதிய ‘வீரயுக நாயகன் வேள்பாரி’ பாரியை மீண்டும் நடுவில் நிறுத்தியது. வாரந்தோறும் ம.செ. வரைந்த ஓவியங்களோடு வந்ததால், பறம்பின் காடும் போர்க்களமும் ஒரு தலைமுறையின் கண்ணில் உருவம் பெற்றன. மில்லரின் காமிக்ஸ் ஸ்னைடருக்குச் சட்டகம் கொடுத்ததுபோல இந்த ஓவியத் தொடரும் ஒரு படத்துக்கு வழிவிடக்கூடும். அதைப் படமாக்கும் விருப்பத்தை இயக்குநர் ஷங்கர் பலமுறை சொல்லியிருக்கிறார்.

அப்படி ஒரு படம் வந்தால் முற்றுகைக் காட்சிகள் சிறப்பாக அமையும் என்பதில் எனக்கு ஐயமில்லை. கணினி வரைகலை அதற்கென்றே இருக்கிறது. என் கவலை அதன் பிற்பாதி பற்றியது. மில்லர் பிழைத்தவனைப் போர்முரசாக்கினார். கபிலரை அப்படி ஆக்கினால் தமிழ் மரபின் தனித்தன்மையே போய்விடும். அவர் யாரையும் அடுத்த போருக்கு அழைக்கவில்லை. இரண்டு பெண்களுக்கு ஒரு வீடு கேட்டு நடந்தார். மறுத்த இருங்கோவேளை 202இல் அவன் முன்னோர் ஊர் அழிந்த கதையைச் சொல்லிச் சுட்டார். அந்தப் பாதியை எடுக்க நினைப்பவருக்குப் புறநானூற்றின் 113 முதல் 120, 200 முதல் 202, 236ஆம் பாடல்களும், வீரட்டானேசுவரர் கோயில் கல்வெட்டும் போதும். படப்பிடிப்புக்குக் களம் தேடிப் பிரான்மலைக்குப் போகிறவர்கள் திருக்கோவிலூருக்கும் வர வேண்டும்.