சிறைக்கதை கேட்டல் (ரஷ்யா)

ரஷ்யாவின் சிறை, கடுங்காவல் முகாம், திருடர் குழாம் ஆகியவற்றைப் பற்றிய கதைகளையும் பாடல்களையும் நினைவுக் குறிப்புகளையும் காதால் கேட்டு அறியும் வழக்கம். இன்று இது பெரும்பாலும் ஒலிநூல்களின் வழியாக நடக்கிறது. வழக்கமோ ஒலிநூலைவிட மிகப் பழையது. கொட்டடிச் சுவர், முகாமின் மரப்படுக்கை, எக்ஸ்ரே படலத்தில் வெட்டிய இசைத்தட்டு, ஒலிநாடா, சிற்றலை வானொலி என்று ஊடகம் மட்டும் மாறிக்கொண்டே வந்திருக்கிறது. காகிதமும் எழுதுகோலும் தடைப்பட்ட இடத்தில் பிறந்த இலக்கியம் என்பதால், அச்சேறும் முன்னரே அது நாவிலும் நினைவிலும் வாழ்ந்தது.

இந்த வரலாற்றில் இரண்டு குரல்கள் தொடர்ந்து கேட்கின்றன. ஒன்று திருடனின் குரல். மற்றொன்று, அரசிடமும் திருடனிடமும் ஒருசேர அகப்பட்டவனின் குரல். முதற்குரல் மயக்கும் தன்மையுடையது. அதனால் இரண்டாவது குரல் அமுங்கிப்போகும் ஆபத்து எப்போதும் உண்டு.

சார் ஆட்சிக்காலம்

1825 டிசம்பரில் சார் மன்னருக்கு எதிராக எழுந்து தோற்ற அதிகாரிகளுள் மிகயீல் பெஸ்தூஷெவ் ஒருவர். பீட்டர்ஸ்பர்க்கின் பீட்டர்-பால் கோட்டையில் தனிக்கொட்டடியில் அடைக்கப்பட்ட அவர், பக்கத்துக் கொட்டடியிலிருந்த தம் அண்ணன் நிக்கொலாயோடு பேசுவதற்காகச் சுவரைத் தட்டும் எழுத்துமுறை ஒன்றை உருவாக்கினார். பிற்காலத்தில் அது எளிமையாக்கப்பட்டு, தலைமுறை தலைமுறையாக அரசியல் கைதிகளின் பொதுமொழி ஆயிற்று. ரஷ்யச் சிறையில் கேட்டல் என்பது இப்படி உயிர்வாழ்வதற்கான திறனாகவே தொடங்கியது.

1850 முதல் 1854 வரை ஃபியோதர் தஸ்தயெவ்ஸ்கி சைபீரியாவின் ஓம்ஸ்க் சிறையில் கடுங்காவல் தண்டனை அனுபவித்தார். எழுதுவதற்கு அங்கே அனுமதி இல்லை. ஆயினும் சிறை மருத்துவமனையில் இருந்தவர்களின் பரிவால், சக கைதிகளின் வாயிலிருந்து விழுந்த சொலவடைகளையும் வசைகளையும் பாட்டுத் துணுக்குகளையும் ஒரு சிறு குறிப்பேட்டில் இரகசியமாகப் பதிந்துவந்தார். 'சைபீரியக் குறிப்பேடு' என்று இன்று அறியப்படும் அதில் இத்தகைய பதிவுகள் நூற்றுக்கணக்கில் உள்ளன. 1860களின் தொடக்கத்தில் வெளிவந்த 'மரித்தோர் இல்லத்துக் குறிப்புகள்' நூலுக்கு அவையே விதை. அந்நூலில் ஓர் அத்தியாயம் முழுவதும், மருத்துவமனையின் இருட்டில் ஒரு கைதி தன் மனைவியைக் கொன்ற கதையை இன்னொருவனிடம் சொல்வதாகவே அமைந்திருக்கிறது. நூலின் கதைசொல்லி அருகிலுள்ள கட்டிலில் படுத்தபடி அதைக் கேட்டுக்கொண்டிருக்கிறான்.

அமெரிக்கப் பத்திரிகையாளர் ஜார்ஜ் கென்னன் 1885–86இல் சைபீரியாவில் பயணம் செய்தார். நடைக்கைதிகள் ஊர்களைக் கடக்கும்போது பிச்சை கேட்டுப் பாடும் இரக்கப் பாட்டு ஒன்றை அவர் விவரித்திருக்கிறார். கால் விலங்குகளின் ஓசையே அதற்குப் பக்கவாத்தியம். 1890இல் சகாலின் தீவுக்குச் சென்ற ஆன்டன் செகாவ் மூன்று மாதம் தங்கி, வீடு வீடாகக் கேட்டு ஏறத்தாழ 10,000 கணக்கெடுப்பு அட்டைகளை நிரப்பினார். 'பொற்கரத்தாள் சோன்கா' என்று நாடெங்கும் கதைகளில் பேரெடுத்த சோஃபியா புளூவ்ஷ்டைனை அவர் அங்கே கண்டது, விலங்கிடப்பட்டுத் தனிக்கொட்டடியில் உலவும் மெலிந்த, நரைகண்ட பெண்ணாக. ஊர் பேசிய கதைக்கும் கண்ட உண்மைக்கும் இடையிலான தூரத்தைச் செகாவின் 'சகாலின் தீவு' நிதானமாக அளந்துகாட்டியது.

இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் சிறைப்பாடல் நகர மேடைக்கு வந்தது. 1902இல் மாஸ்கோ கலை அரங்கில் நிகழ்ந்த மாக்சிம் கார்க்கியின் 'அதல பாதாளத்தில்' நாடகத்தில் பாடப்பட்ட சிறைப்பாட்டு அரங்கைத் தாண்டித் தெருவெங்கும் பரவியது. ஸ்வீடனைச் சேர்ந்த இசையமைப்பாளர் வில்ஹெல்ம் ஹார்ட்வெல்ட் 1908இல் சைபீரியச் சிறைகளில் பாடல்களைத் திரட்டினார். அவை கச்சேரிகளிலும் கிராமபோன் தட்டுகளிலும் ஒலித்தன. சிறைக்கு வெளியே இருப்பவர்கள் வீட்டில் அமர்ந்தபடி சிறையைக் கேட்பது அக்காலத்தில் தொடங்கியது.

திருடர் குழூஉக்குறி

திருடர்களின் பேச்சு 'ஃபேனியா' எனப்படும். 'ஓஃபேனி' என்று அழைக்கப்பட்ட ஊர்சுற்றி வணிகர்கள் தங்களுக்குள் பேசிய இரகசியப் பேச்சிலிருந்து இப்பெயர் வந்தது. இத்திஷ், ஜெர்மன் முதலிய மொழிகளின் சொற்கள் அதில் கலந்தன. ஆவணத்தைக் குறிக்கும் 'க்சீவா' எபிரேய வேரிலிருந்து இத்திஷ் வழியாக வந்தது. 1908இல் வி. எஃப். த்ராக்தென்பெர்க் தொகுத்த சிறைச்சொல் அகராதி, மொழியியலாளர் போதுவென் த கூர்த்தெனேயின் முன்னுரையோடு வெளிவந்தது. அதன் தலைப்பு 'திருடர் இசை'. திருடர்கள் தங்கள் பேச்சை இசை என்றே அழைத்தார்கள்.

பின்னாளில் பழைய ரஷ்ய இலக்கியத்தின் பேரறிஞராக விளங்கிய திமித்ரி லிகச்சோவ், 1928இல் கைதாகி வெண்கடலிலுள்ள சொலவ்கி முகாமுக்கு அனுப்பப்பட்டார். திருடர்களின் சீட்டாட்டம் பற்றிய அவரது முதற்கட்டுரை 1930இல் முகாமின் இதழிலேயே அச்சானது. 1935இல் அவர்களது பேச்சைப் பற்றி எழுதினார். அப்பேச்சில் சொல்லுக்கு மந்திர ஆற்றல் இருப்பதாக நம்பப்படுவதையும், தகாத நேரத்தில் உதிர்ந்த ஒரு சொல் காரியத்தைக் கெடுக்கும் என்ற அச்சத்தையும் அவர் சுட்டினார்.

1920களிலும் 30களிலும் முகாம்களில் ஒரு திருடர் மேல்வகுப்பு உருவாயிற்று. 'வோர் வ ஸகோனே', அதாவது 'சட்டத்துக்குட்பட்ட திருடன்' என்பது அவர்களுக்குப் பெயர். சட்டம் என்றது அவர்களுடைய சட்டத்தை. அரசுக்காக உழைக்கக் கூடாது, அதிகாரிகளோடு ஒத்துப்போகக் கூடாது, குடும்பம் கூடாது, சீட்டாட்டக் கடனைத் தீர்க்காமல் விடக் கூடாது என்பன அதன் விதிகள். இரண்டாம் உலகப் போரில் படையில் சேர்ந்தவர்களும் நிர்வாகத்தோடு இணங்கியவர்களும் துரோகிகளாகக் கருதப்பட்டனர். இரு தரப்பினருக்கும் இடையே 1950களின் தொடக்கம்வரை முகாம்களில் நடந்த கொலைகார மோதல் 'சூக்காக்களின் போர்' என அறியப்படுகிறது. 'சூக்கா' என்பது பெண்நாயைக் குறிக்கும் வசைச்சொல்.

முகாமில் 'ரோமன் பிழிதல்'

ஒலிநூலுக்கு முன்னோடி என்று சொல்லத்தக்க வழக்கம் ஸ்டாலின் கால முகாம்களில் இருந்தது. படித்த கைதி ஒருவர், இரவில், திருடர் தலைவனின் படுக்கையருகே அமர்ந்து நாவல்களை நினைவிலிருந்து மணிக்கணக்கில் சொல்ல வேண்டும். இதற்குத் திருடர்கள் வைத்த பெயர் 'ரோமன் பிழிதல்'. நாவலைக் குறிக்கும் அந்த ரஷ்யச் சொல்லில் அழுத்தம் இரண்டாம் அசையில் விழும். திருடர்கள் அதை முதல் அசையிலேயே அழுத்திச் சொன்னார்கள். அலெக்சாந்தர் டூமாவின் 'மான்டி கிறிஸ்டோ கோமகன்' அவர்களது விருப்பக் கதைகளுள் ஒன்று. கூலியாக ஒரு கிண்ணம் கூழ், ஒரு துண்டு ரொட்டி, அன்றிரவு அடிபடாமல் இருக்கும் பாதுகாப்பு ஆகியவை கிடைக்கும்.

இதை ஆழமாகப் பதிந்தவர் வர்லம் ஷலாமோவ் (1907–1982). 1929இல் முதன்முறை கைதான அவர், 1937இல் மீண்டும் பிடிபட்டு, வடகிழக்கு சைபீரியாவின் கொலிமா பகுதியில் பல்லாண்டுகள் வதைபட்டார். 'பாம்பாட்டி' என்ற அவரது சிறுகதையில், பிளத்தோனவ் என்ற திரைக்கதை எழுத்தாளர் பசியால் திருடர்களுக்குக் கதை சொல்ல இசைகிறார். அந்த அனுபவத்தை அதே தலைப்பில் கதையாக எழுத வேண்டும் என்று அவருக்கு ஆசை. எழுதும் முன்பே இறந்துபோகிறார். அவருக்குப் பதிலாகக் கதைசொல்லி அதை எழுதுகிறார். வாயால் கதை சொன்னவனைச் சாவு விழுங்கிவிட, அவனிடம் கேட்டவன் அதைக் காகிதத்தில் காப்பாற்றும் இந்தக் கதை, இந்த இலக்கிய வகை முழுவதற்கும் பொருந்தும் உருவகம்.

அரசியல் குற்றச்சாட்டில் வந்தவர்களை 'மக்கள் விரோதிகள்' என்ற அரசு, திருடர்களைச் 'சமூகத்தால் நெருங்கியவர்கள்' என்று வகுத்திருந்தது. அதனால் பசியும் குளிரும் அன்றித் திருடனின் கத்தியும் அரசியல் கைதிமேல் விழுந்தது. இந்தச் சூழலில் கதை கேட்டவன் ஆண்டான், சொன்னவன் அடிமை.

நினைவாற்றல் தன்மானத்தைக் காத்த தருணங்களும் இருந்தன. கொலிமா நோக்கிச் சென்ற சரக்கு ரயிலில் எவ்கேனியா கின்ஸ்பர்க் சக பெண்கைதிகளுக்குக் கவிதைகளை நினைவிலிருந்து சொல்லிவந்தார். புத்தகம் ஒளித்து வைத்திருப்பதாகக் காவலர்கள் சந்தேகித்தனர். புத்தகம் இல்லை என்று காட்ட, அவர்கள் முன்னிலையில் புஷ்கினின் 'எவ்கேனி ஒனேகின்' காவியத்தை நிறுத்தாமல் ஒப்பித்துக் காட்ட வேண்டியிருந்தது. அலெக்சாந்தர் சோல்செனித்சின் தாம் முகாமில் இயற்றிய ஆயிரக்கணக்கான வரிகளை, ஒரு செபமாலையின் மணிகளை எண்ணியே மனத்தில் இருத்தினார்.

எக்ஸ்ரே தட்டும் ஒலிநாடாவும்

1953 மார்ச்சில் ஸ்டாலின் இறந்ததும் வந்த பொதுமன்னிப்பில் ஏறத்தாழ 12 லட்சம் கைதிகள் விடுதலையாயினர். அவர்களுள் மிகப் பலர் குறுகிய தண்டனை பெற்ற சாதாரணக் குற்றவாளிகள். அரசியல் கைதிகளில் பெரும்பாலோர் 1956ஐ ஒட்டியே வீடு திரும்பினர். முகாமின் சொற்களும் பாடல்களும் அவர்களோடு ஊருக்குள் வந்தன.

அதற்குள் லெனின்கிராதில் ஒரு கள்ளத் தொழில் வேரூன்றியிருந்தது. மருத்துவமனைகள் கழித்த எக்ஸ்ரே படலங்களை வட்டமாக வெட்டி, நடுவில் துளையிட்டு, பாட்டை அதில் பதித்து விற்றார்கள். விலா எலும்பும் மண்டையோடும் தெரியும் அத்தட்டுகளை மக்கள் 'எலும்பு மேல் இசை' என்றனர். 'பொன் நாய்' என்ற இரகசியப் பதிவகத்தை நடத்திய ருஸ்லான் பொகஸ்லோவ்ஸ்கி இதற்காக ஒன்றுக்கு மேற்பட்ட முறை சிறை சென்றார். தடைசெய்யப்பட்ட ஜாஸோடும் புலம்பெயர்ந்த பாடகர்களின் பாடல்களோடும் திருடர் பாடல்களும் அத்தட்டுகளில் பரவின.

1960களில் சுருள்நாடாக் கருவி வீடுகளுக்கு வந்தபின் 'மாக்னித்இஸ்தாத்' என்னும் நாடாவழிப் பதிப்பு பெருகியது. 1961 முதல் திருடர் பாணியில் பாட்டெழுதித் தொடங்கிய விளதீமிர் விசோத்ஸ்கியைப் பலர் சிறை சென்று வந்தவர் என்றே நம்பினர்; அவர் தண்டனைக் கைதியாக இருந்ததில்லை. சிறையை உண்மையில் அறிந்த யூஸ் அலெஷ்கோவ்ஸ்கி 1959இல் எழுதிய 'தோழர் ஸ்டாலின்' பாடலையோ, எழுதியவர் யாரென அறியாமல் நாட்டுப்பாடல் என்று பாடித் திரிந்தார்கள். 1970களில் லெனின்கிராதைச் சேர்ந்த அர்காதி சேவெர்னி நூற்றுக்கணக்கான பாடல்களைப் பதிந்தார். பாட்டுக்கு இடையிடையே, ருதோல்ஃப் ஃபுக்ஸ் எழுதிக்கொடுத்த கதைகளையும் துணுக்குகளையும் ஒதேசா நகரத்துப் பேச்சுவழக்கில் சொன்னார். 1990களில் இம்மரபு 'ரஷ்யன் ஷான்சன்' என்ற பெயரில் பெரும் வணிகமாயிற்று.

சிற்றலை வானொலி

1962 நவம்பரில் 'நோவி மிர்' இதழில் சோல்செனித்சினின் 'இவான் தெனிசோவிச்சின் வாழ்க்கையில் ஒரு நாள்' வெளியாகி, முகாம் வாழ்க்கை முதன்முதலாக வெளிப்படையாக அச்சேறியது. அந்த வாசல் விரைவில் அடைபட்டது. 227 பேரின் சாட்சியங்களைச் சேர்த்து முகாம்களைப் பற்றி அவர் எழுதிய 'குலாக் தீவுக்கூட்டம்' நூலின் முதற்பகுதி 1973 டிசம்பர் இறுதியில் பாரிசில் வெளிவந்தது.

சோவியத் நாட்டில் அந்நூலைக் கையால் தொட்டவர்களைவிடக் காதால் அறிந்தவர்களே மிகுதி. வெளிநாட்டிலிருந்து இயங்கிய 'ரேடியோ லிபர்ட்டி' நிலையம் அதைத் தொடர்ச்சியாக வாசித்து ஒலிபரப்பியது. அரசு இரைச்சல் அலைகளை ஏவி அதை மறைக்க முயன்றது. மக்கள் இரவில், நகரத்தை விட்டு விலகி, இரைச்சல் குறைந்த இடங்களில் கேட்டனர். சிலர் நாடாவில் பதிந்து பிறருக்குக் கொடுத்தனர். அந்நிலையத்தின் மீதான அலைத்தடை 1988 நவம்பரில்தான் நீங்கியது. அடுத்த ஆண்டு 'நோவி மிர்' நூலின் அத்தியாயங்களை வெளியிட்டது. 1982இல் சோல்செனித்சினே பிபிசிக்காக 'ஒரு நாள்' முழுவதையும் தம் குரலில் வாசித்துப் பதிவுசெய்தார். எழுத்தில் அடக்கமாகத் தெரியும் முகாம் பேச்சின் ஏற்ற இறக்கங்கள் அந்தப் பதிவில் உயிரோடு கேட்கின்றன.

எதிர்த்திசையில், சிறைக்குள் இருப்பவர்களை நோக்கியும் ஒரு குரல் போனது. முன்னாள் அரசியல் கைதியான வலேரி அப்ராம்கின் 1992 முதல் 'ரேடியோ ரஷ்யா'வில் 'மேகங்கள்' என்ற நிகழ்ச்சியைக் கைதிகளுக்காகவும் அவர்களது குடும்பங்களுக்காகவும் நடத்தினார்.

ஒலிநூல் காலம்

ரஷ்ய ஒலிநூலின் தாய்வீடு பார்வையற்றோர் இயக்கம். 1925இல் நிறுவப்பட்ட அனைத்து ரஷ்யப் பார்வையற்றோர் சங்கத்துக்காகச் சோவியத் காலத்தில் 'பேசும் நூல்கள்' நாடாவில் பதியப்பட்டன. நீண்ட நாவல்கள் குறைந்த நாடாவில் அடங்க வேண்டி, அவை மிக மெதுவாகச் சுழலும் தனிக்கருவிகளுக்கென அமைக்கப்பட்டன. 2000களில் அப்பதிவுகள் எண்ணிம வடிவம் பெற்று எல்லாரையும் எட்டின. அதன்பின் எம்பி3 தட்டு, பதிவிறக்கம், சந்தாச் செயலி என்று வளர்ச்சி விரைந்தது. ஸ்வீடனின் 'ஸ்டோரிடெல்' 2016இல் ரஷ்யாவுக்கு வந்து, உக்ரைன் மீதான முழுப்போர் தொடங்கியபின் 2022இல் விலகியது. ஆங்கிலத்திலும் 'குலாக் தீவுக்கூட்டம்' ஒலிநூலாகக் கிடைக்கிறது. அதன் சுருக்கப் பதிப்பை வாசித்தவர் ஆசிரியரின் மகனும் இசைக்கலைஞருமான இக்னாத் சோல்செனித்சின்.

இன்றைய ஒலிநூல் அடுக்கில் ஷலாமோவும், சிறைக்காவலராக இருந்த செர்கேய் தொவ்லாத்தவின் 'ஸோனா'வும், திருடனை வீரனாக்கும் மலிவு நாவல்களும் அருகருகே நிற்கின்றன. திருடர் உலகின் கவர்ச்சி வெறும் பொழுதுபோக்காக நின்றுவிடவில்லை. திருடர் விதிகளை இளைஞரிடையே பரப்பிய 'ஆஉயே' இயக்கத்தை ரஷ்ய உச்ச நீதிமன்றம் 2020 ஆகஸ்டில் தீவிரவாத அமைப்பு என்று தடைசெய்தது. அதே காலத்தில் முகாம்களால் பாதிக்கப்பட்டோரின் குரல்களைச் சேகரித்த இடங்களும் மூடப்பட்டன. 'மெமோரியல்' சங்கத்தைக் கலைக்க 2021 டிசம்பரில் தீர்ப்பாயிற்று. முகாமிலிருந்து மீண்டவர்களின் நேர்காணல்களைப் பதிந்துவந்த மாஸ்கோவின் குலாக் வரலாற்று அருங்காட்சியகம் 2024 நவம்பரில் மூடப்பட்டது.

மதிப்பீடு

திருடர் உலகைப் பற்றிய தம் கட்டுரைகளுள் ஒன்றில் ஷலாமோவ் ஒரு கடுமையான குற்றச்சாட்டை வைத்தார். ஹியூகோ முதல் கார்க்கி, பாபெல்வரை இலக்கியம் திருடனுக்கு ஒளிவட்டம் சூட்டிவிட்டது. தஸ்தயெவ்ஸ்கி கண்டவர்கள்கூட உண்மையான தொழிற்திருடர்கள் அல்லர் என்பது அவரது வாதம். கேட்கும் ஊடகத்துக்கு இந்த எச்சரிக்கை இன்னும் கூடுதலாகப் பொருந்துகிறது. நல்ல குரல் எந்தக் கொடுமையையும் இனிக்கச் செய்துவிடும். திருடனின் பாட்டைக் கேட்டு உருகுகிறவர், அந்தப் பாட்டைப் பாடியவன் யாருடைய ரொட்டியைப் பறித்துத் தின்றான் என்பதையும் கேட்டாக வேண்டும்.

ஷலாமோவின் கடைசி ஆண்டுகள் மாஸ்கோவில் ஒரு முதியோர் விடுதியில் கழிந்தன. செவியும் கண்ணும் ஏறத்தாழ அவிந்து, நாவும் குழறிய நிலையிலும் அவர் கவிதை சொன்னார். பிறருக்குப் புரியாத அந்தப் பேச்சைப் பொறுமையாகக் கேட்டுப் பழகிய நண்பர் ஒருவர் சொல் சொல்லாக எழுதியெடுத்தார். அக்கவிதைகள் 1981இல் பாரிசில் அச்சாயின.