நிறம் எண்ணான கதை

மனிதக் கண்ணுக்கு நிறம் என்பது பார்த்தவுடன் புரிவது. இயந்திரத்துக்கோ அது வெறும் மின்னோட்டத்தின் அளவு. இந்த இரண்டுக்கும் இடையே பாலமாக நிற்பவை 'நூலகம்' எனப்படும் மென்பொருள் கோப்புகள். உணரி தரும் எண்களை வாங்கி, "இவ்வளவு வெளிச்சம், இன்ன நிறம்" என்று சொல்பவை இவையே. அளவில் சிறிய இக்கோப்புகளுக்குப் பின்னால் 150 ஆண்டு வரலாறு இருக்கிறது.

செலினியத்தில் தொடக்கம்

1873-இல் வில்லோபி ஸ்மித் என்ற ஆங்கிலப் பொறியாளர், கடலடித் தந்திக் கம்பிகளைச் சோதிக்கச் செலினியத் துண்டுகளைப் பயன்படுத்தினார். அவற்றின் மின்தடை நிலையாக இல்லை. வெளிச்சம் பட்டால் குறைந்தது. மூடி வைத்தால் கூடியது. ஒளியை மின்சாரத்தால் அளக்கும் வழி இப்படித்தான் திறந்தது. 1930களில் புகைப்படக்காரர்கள் கையில் எடுத்த வெஸ்டன் ஒளிமானியிலும் செலினியமே இருந்தது. முள் காட்டிய எண்ணைக் கருவியின் சுழல் வட்டில் பொருத்தினால், கேமராவை எப்படி அமைப்பது என்று தெரியும். இன்று நூலகக் கோப்பு செய்யும் கணக்கை அன்று அந்த வட்டு செய்தது.

பதினேழு பேரின் கண்கள்

நிறத்தை அளப்பது இன்னும் கடினம். ஏனெனில் நிறம் பார்ப்பவரின் கண்ணையும் சார்ந்தது. 1920களில் லண்டனில் டபிள்யூ. டி. ரைட் 10 பேரையும், டெடிங்டனில் ஜான் கில்ட் 7 பேரையும் வைத்துச் சோதனை செய்தனர். சிவப்பு, பச்சை, நீல ஒளிகளை எந்த அளவில் கலந்தால் காட்டப்படும் நிறம் கிடைக்கும் என்று ஒவ்வொருவரும் பொருத்திப் பார்த்தனர். அந்த முடிவுகளைக் கொண்டு 1931-இல் கேம்பிரிட்ஜில் கூடிய சர்வதேச ஒளியூட்டல் ஆணையம், 'நியம நோக்கர்' என்ற பொதுவான கண்ணை வகுத்தது. நிறத்தை மூன்று எண்களால் குறிக்கும் முறை அதிலிருந்து வந்தது.

அலமாரியில் ஒரு நூலகம்

அதே கேம்பிரிட்ஜில் 1949-இல் எட்சாக் கணினி இயங்கத் தொடங்கியது. ஒரே கணக்கை ஒவ்வொரு நிரலிலும் புதிதாக எழுதினால் நேரமும் வீண், தவறும் பெருகும். எனவே வில்க்ஸ், வீலர், கில் ஆகியோர் சோதித்து முடித்த துணைநிரல்களைக் காகித நாடாக்களில் துளையிட்டுச் சேர்த்து வைத்தனர். வேண்டியவர் எடுத்துத் தம் நிரலில் சேர்த்துக்கொண்டார். நூலகம் என்ற பெயர் அன்றே நிலைத்துவிட்டது.

ஒரு சில்லும் அதன் கோப்பும்

இவ்விரு வழிகளும் சந்தித்த இடத்துக்கு நல்ல உதாரணம், அமெரிக்காவின் டாவோஸ் நிறுவனம் உருவாக்கிய டிசிஎஸ்34725 என்ற நிற உணரி. (டாவோஸை 2011-இல் ஆஸ்திரிய நிறுவனம் ஒன்று வாங்கியது.) சிவப்பு, பச்சை, நீல வடிகட்டிகள் கொண்ட ஒளி டையோடுகளும், வடிகட்டி இல்லாதவையும் இதில் உண்டு. சில்லு தருவது நான்கு எண்களை மட்டுமே.

ஆர்டுயினோ பலகைக்காக அடாஃப்ரூட் நிறுவனம் வெளியிட்ட நூலகம் அந்த எண்களை எடுத்து, 1931-இன் மூன்று எண்களாக மாற்றுகிறது. பிறகு மெக்கமி 1992-இல் தந்த சூத்திரத்தால் ஒளியின் நிற வெப்பநிலையைக் கணிக்கிறது. மாணவர் எழுதுவதோ ஓரிரண்டு வரிகள்தான்.

ஆனால் அந்த மாற்றத்துக்கான பெருக்கு எண்கள் எங்கிருந்து வந்தன? கோப்பின் உள்ளேயே குறிப்பு இருக்கிறது: இருவகைக் குழல் விளக்கு, 60 வாட் குண்டு பல்பு ஆகியவற்றின் ஒளியில் கிடைத்த அளவுகள் அவை. வேறு விளக்கின் கீழ் விடை விலகலாம். கண்ணுக்குத் தெரியாத அகச்சிவப்பு ஒளி கலந்தாலும் விலகும். அதைக் கழித்துக் கணக்கிடும் இன்னொரு வழி பின்னர் அதே நூலகத்தில் சேர்க்கப்பட்டது.

திரையில் தோன்றும் எண் இயற்கை நேரே சொன்ன உண்மை போலத் தெரிகிறது. உண்மையில் அது 17 பேரின் கண்களையும் மூன்று விளக்குகளையும் கடந்து வந்த எண். மூலநிரல் திறந்திருப்பதால்தான் இதைப் படித்துத் தெரிந்துகொள்ள முடிகிறது. தேவைப்பட்டால் தன் அறை விளக்குக்கு ஏற்ப எண்களை மாற்றவும் முடிகிறது. நூலகத்தைப் பயன்படுத்துவோர் ஒருமுறையாவது அதைத் திறந்து படிப்பது நல்லது.