நாடகமேடையில் ஒரு நடிகையின் வாழ்வு

தமிழ்நாட்டுச் சங்கீத நாடகத்தின் சரித்திரத்தை எழுதப் புகுந்தோர் பலரும், நாடகாசிரியர்களையும் கம்பெனி முதலாளிகளையும் கதாநாயகராக வரும் ராஜபார்ட் நடிகர்களையும் பற்றி விரிவாகச் சொல்லிவிட்டு, நடிகைகளிடம் வரும்போது மட்டும் அவர்கள் சினிமாவில் பிரவேசித்த கதையிலிருந்தே ஆரம்பிக்கிறார்கள். மேடையில் அவர்கள் கழித்த ஆண்டுகள் ஏதோ ஒரு முகவுரையைப்போல இரண்டு பக்கத்தில் முடிந்துவிடுகின்றன. இது பெரிய அநியாயம். ஒலிபெருக்கியின் உதவியின்றி, இரவு பத்து மணிக்குத் தொடங்கிக் கிழக்கு வெளுக்கும் வரையில் ஆயிரக்கணக்கான ஜனங்களைத் தம் சாரீரம் ஒன்றினாலேயே கட்டிவைத்த அந்த ஸ்திரீகளின் தொழில் தனக்கென்று ஒரு கல்வியும், ஒரு படிமுறையும், ஒரு கௌரவமும் உடையதாக இருந்தது. சினிமா அதற்குப் பின்னால் வந்தது, அதிலிருந்துதான் எடுத்துக்கொண்டது.

பத்தொன்பதாம் நூற்றாண்டின் இறுதியிலும் ஸ்திரீ வேஷத்தை ஆண்களே தரிப்பது பெருவழக்காக இருந்தது. பம்மல் சம்பந்த முதலியார் 1891-இல் சென்னையில் ஸ்தாபித்த சுகுண விலாச சபையில், படித்த உத்தியோகஸ்தர்களும் வக்கீல்களும் நடித்தபோது, கதாநாயகி வேஷத்தில் புகழ்பெற்றவர் ரங்கவடிவேலு முதலியார் என்ற ஆண்மகனே. நாடகமேடைக்குக் குலஸ்திரீகள் வரலாகாது என்ற எண்ணம் அவ்வளவு ஆழமாக வேரூன்றியிருந்த காலம் அது. ஆயினும் அதே காலத்தில் கும்பகோணத்தில் பாலாமணி அம்மாள் பெண்களையே கொண்டு ஒரு கம்பெனி நடத்தினார். அவருடைய நாடகங்களைப் பார்க்கப் போகும் ஜனக்கூட்டத்திற்காக ரயில்வேக்காரர்கள் தனி ரயில் விட்டதாகவும், ஜனங்கள் அதைப் 'பாலாமணி ஸ்பெஷல்' என்றே அழைத்ததாகவும் தஞ்சைப் பக்கத்தில் வெகுகாலம் சொல்லிவந்தார்கள். பழித்தவர்களே டிக்கெட்டும் வாங்கினார்கள் என்பதை இந்தக் கதையிலிருந்து நாம் ஊகித்துக்கொள்ளலாம்.

நடிகைக்கு வேண்டிய பாடத்தை எழுதிக் கொடுத்தவர் சங்கரதாஸ் சுவாமிகள். 1867 முதல் 1922 வரை வாழ்ந்த அப்பெரியார் இயற்றிய வள்ளி திருமணம், கோவலன், பவளக்கொடி, நல்லதங்காள், சத்தியவான் சாவித்திரி முதலிய நாடகங்கள் தமிழ்நாடு முழுவதற்கும் பொதுச் சொத்தாகிவிட்டன. நடிகர்கள் கட்டுப்பாடின்றித் தம் மனம்போன வசனத்தைப் பேசுவதைக் கண்டு மனம் சலித்த சுவாமிகள், சிறுவர்களைச் சேர்த்து முறையாகப் பயிற்றும் பாலர் கம்பெனிகளை வளர்த்தார் என்பது யாவரும் அறிந்ததே. அதைக்காட்டிலும் நம்முடைய விஷயத்திற்கு முக்கியமானது, அவருடைய பாடம் எங்கும் ஒன்றாகவே இருந்ததால், கம்பெனி என்ற கட்டுக்கு வெளியேயும் ஒரு தொழில் பிறந்ததுதான். அதற்கு ஸ்பெஷல் நாடகம் என்று பெயர். ராஜபார்ட் ஓர் ஊரிலிருந்தும், ஸ்திரீபார்ட் வேறோர் ஊரிலிருந்தும், பபூனும் ஆர்மோனியக்காரரும் இன்னும் வேறு ஊர்களிலிருந்தும் கண்டிராக்டரால் தனித்தனியே அமர்த்தப்பட்டு, ஒத்திகை என்பதே இல்லாமல், ஒரே மேடையில் அன்றிரவு சந்திப்பார்கள். பாடம் நெஞ்சில் இருந்தால் போதும், மற்றதெல்லாம் சாமர்த்தியம்.

இந்தத் தொழிலில் பெண்ணின் வழி பெரும்பாலும் குழந்தைப் பருவத்திலேயே தொடங்கியது. இசை வேளாளர் குடும்பங்களிலிருந்து வந்தவர்களும், தந்தையை இழந்து வறுமையால் வந்தவர்களும் பலர். லோகிதாசன், பிரகலாதன், லவகுசர் என்று பாலவேஷங்கள் கிடைக்கும். சற்று வளர்ந்ததும், நாடகத்தின் முற்பகுதியில் பபூனோடு வந்து ஆடிப்பாடும் டான்ஸ் வேஷம். அதில் தேறியவர்களுக்கே ஸ்திரீபார்ட். நோட்டீசில் 'அயன் ஸ்திரீபார்ட்' என்று பெரிய எழுத்தில் பெயர் வந்துவிட்டால் அவளுடைய கூலி உயரும். ரயில் பிரயாணத்திற்கு வகுப்பும் உயரும். வயது ஏறிய பிறகு தாய் வேஷம், தோழி வேஷம். உடுப்பும் நகையும் அவளுடையவை. புடவை, சவரி, ஜிகினா மாலை, அரிதாரம் யாவும் அடங்கிய டிரங்குப் பெட்டியோடு, தாயாரோ சித்தியோ தமையனோ துணைக்கு வர, இரவு ரயிலில் ஊர் ஊராகப் போக வேண்டும்.

அவளுடைய திறமைக்குச் சரியான பரீட்சை வள்ளி திருமணம். தினைப்புனத்தில் பரண்மேல் நின்று, கவண் வீசி, ஆலோலம் பாடிப் பறவைகளை ஓட்டிக்கொண்டிருக்கும் வள்ளியிடம் நாரதர் வருவார். அப்போது ஆரம்பிக்கும் தர்க்கம் பாடத்தில் உள்ளவாறு சில நிமிஷங்களில் முடிவதன்று. நாரதர் வேஷக்காரர் ஒரு கேள்வியைப் பாட்டாகப் போட்டால், வள்ளி அதே ராகத்தில், அதே சுருதியில், அப்பொழுதே விடை சொல்ல வேண்டும். புராணத்திலும் நீதி நூலிலும் பழமொழியிலும் எந்த மூலையிலிருந்து கேள்வி வந்தாலும் தயங்கக்கூடாது. சபையோர் 'ஒன்ஸ்மோர்' கேட்டால் மறுபடியும் பாட வேண்டும். எதிரி வித்துவான் மேல்ஸ்தாயியில் நின்றால் தானும் நிற்க வேண்டும். பந்தலின் கடைசி வரிசைக்கும் குரல் எட்டவேண்டியிருந்ததால் ஆண்களே நாலு கட்டை, ஐந்து கட்டை என்று உச்ச சுருதியில் பாடிய மேடை அது. பள்ளிக்கூடத்தையே கண்டிராத ஒரு பெண் இந்தத் தர்க்கத்தில் பண்டிதர்களையும் தலையசைக்க வைத்தாள் என்றால், அவள் பெற்றது கல்வியே.

அந்தக் கல்வியில் முதல் ஸ்தானத்தை அடைந்தவர் கொடுமுடியில் 1908-இல் பிறந்த கே. பி. சுந்தராம்பாள். தந்தையை இழந்த குடும்பத்தில், தாயார் பாலாம்பாளுடைய கஷ்டத்தைக் கண்டு, ரயிலில் பாடிக் காசு பெற்ற சிறுமியின் குரல் ஒரு நாடகாபிமானியின் செவியில் விழுந்தது. அதன் பயனாக அவர் வேலு நாயரின் கம்பெனியில் சேர்ந்தார். முதலில் கிடைத்த வேஷங்களுள் ஒன்று நல்லதங்காளின் பிள்ளை. பசியென்று தாயிடம் அழும் அந்தக் குழந்தையின் பாட்டை, பசியை நேரில் அறிந்த குழந்தையே பாடினால் சபை எப்படி உருகியிருக்கும் என்று நாம் எண்ணிப்பார்க்க வேண்டும்.

பிறகு இலங்கை. கொழும்பும் யாழ்ப்பாணமும் தமிழ் நாடகக்காரர்களுக்குப் பொன் விளையும் பூமியாக இருந்த அந்நாளில், சுந்தராம்பாளின் பெயர் அங்கேதான் பெரிதாயிற்று. ராஜபார்ட் நடிகர் செங்கோட்டை கிட்டப்பாவோடு அவர் சேர்ந்து நடித்ததும் அங்கேதான் தொடங்கியது. கிட்டப்பாவின் சாரீரத்துக்கு முன் எந்த ஸ்திரீபார்ட்டும் நில்லாது என்று பேசிக்கொண்டவர்கள், வள்ளியும் வேலனுமாக இவ்விருவரும் ஒருவர் பாட்டை ஒருவர் பற்றிக்கொண்டு ஏறியதைக் கேட்ட பின் வாயடைத்துப் போனார்கள். 1927-இல் இருவரும் மணம் புரிந்துகொண்டார்கள். 1933 டிசம்பரில், இருபத்தேழே வயதில், கிட்டப்பா மறைந்தார். இருபத்தைந்து வயதில் வெள்ளைப் புடவை தரித்த சுந்தராம்பாள், இனி எந்த ஆணுக்கும் ஜோடியாக நடிப்பதில்லை என்று விரதம் பூண்டு, கடைசிவரை காத்தார். ஜோடி வேஷமே ஜீவனமான ஒரு தொழிலில் இது எத்தகைய தியாகம்! ஆயினும் அவர் தொழிலை விடவில்லை. சில காலத்திற்குப் பின் ஆண் வேஷத்தையே ஏற்றார். 1935-இல் வெளிவந்த 'நந்தனார்' படத்தில் நந்தனாராக நடிக்க அவருக்குக் கொடுக்கப்பட்ட லட்ச ரூபாய், அதுவரை இந்த நாடு கேட்டறியாத தொகை. அதை சினிமா கொடுத்தது உண்மை; ஆனால் மேடை வளர்த்த குரலுக்காகவே கொடுத்தது.

தேசபக்தியிலும் நடிகைகள் பின்வாங்கவில்லை. அரசாங்கத்துக்கு ஆகாத நாடகங்களைத் தடைசெய்யும் 1876-ஆம் ஆண்டின் நாடகச் சட்டம் தலைக்குமேல் தொங்கிக்கொண்டிருக்க, வள்ளியின் வாயிலிருந்தே காந்தியடிகளையும் கதரையும் பற்றிய பாட்டுகள் வெளிவந்தன. காங்கிரஸ் தலைவர் சத்தியமூர்த்தியின் தூண்டுதலால் சுந்தராம்பாள் காங்கிரஸ் பிரசாரத்திற்கு ஊர் ஊராகச் சென்று பாடினார். முதல் தமிழ்ப் பேசும்படமான 'காளிதாஸ்' 1931-இல் பம்பாயில் எடுக்கப்பட்டபோது, கதாநாயகி டி. பி. ராஜலட்சுமியும் மேடையில் பாடிவந்த ராட்டினப் பாட்டைக் கதைக்குச் சம்பந்தமில்லாமலே படத்தில் பாடினார். திருவையாற்றுப் பெண்ணான அவரும் சிறு பருவத்திலேயே நாடகக் கம்பெனியை நாடி வந்தவர். பின்னர் 1936-இல் 'மிஸ் கமலா' என்ற படத்தைத் தாமே இயக்கியவர்.

பேசும்படம் தொடக்கத்தில் இவர்களை வாரியணைத்துக்கொண்டது. தியாகராஜ பாகவதரும் எஸ். டி. சுப்புலட்சுமியும் மேடையில் நடித்துவந்த 'பவளக்கொடி' 1934-இல் அப்படியே படமாயிற்று. பாடத் தெரியாதவர் அந்நாளில் நடிக்க முடியாது. ஆனால் பின்னணிப் பாடல் என்ற வசதி ஏற்பட்ட பிறகு, முகம் ஒருத்தியுடையதாகவும் குரல் மற்றொருத்தியுடையதாகவும் பிரிந்தன. பாட்டும் பேச்சும் அபிநயமும் ஒரே பெண்ணிடம் கூடியிருக்க வேண்டும் என்ற பழைய நிபந்தனை தளர்ந்ததுமே, அதற்காகப் பத்து வயதிலிருந்து தேகத்தை வருத்திப் பழகியவர்களுக்கு மதிப்புக் குறைந்தது. ஒருசிலரே தப்பினார்கள். சுந்தராம்பாள் அவர்களுள் ஒருவர். 1951-இல் சென்னைச் சட்ட மேலவையில் அங்கத்தினராக அமர்ந்தார், 1953-இல் ஜெமினியின் ஔவையாராகத் தமிழ்நாட்டின் வீடுதோறும் புகுந்தார், 1970-இல் பத்மஸ்ரீ பெற்றார், 1980-இல் காலமானார். எந்தப் படத்திலும் அவருக்கு இன்னொருத்தியின் குரல் வேண்டியிருக்கவில்லை.

ஸ்பெஷல் நாடகம் மாண்டுவிடவும் இல்லை. மதுரை, புதுக்கோட்டைப் பக்கத்துக் கிராமங்களில் மாரியம்மன் திருவிழா வந்தால் இன்றும் வள்ளி திருமணம் நடக்கிறது; இன்றும் நாரதரோடு தர்க்கம் செய்ய ஒரு பெண் டிரங்குப் பெட்டியோடு வந்து இறங்குகிறாள். ஊரார் அவளை ஏளனமாகப் பேசும் வழக்கமும் தீர்ந்தபாடில்லை. அவளுக்குப் பாட்டிமார் முறையாக வேண்டிய நடிகைகளின் தடயங்களோ ஒவ்வோராண்டும் குறைந்து வருகின்றன. பழைய நாடக நோட்டீசும், காலணாப் பாட்டுப் புஸ்தகமும், கீறல் விழுந்த இசைத்தட்டும் உங்கள் வீட்டுப் பரணில் கிடந்தால், தயவுசெய்து பழைய பேப்பர்காரனிடம் போடாதீர்கள். சென்னையில் ரோஜா முத்தையா நூலகம் இவற்றைச் சேர்த்துப் பாதுகாத்து வருகிறது. அங்கே கொண்டுபோய்க் கொடுங்கள்.