ஐசு வம்சமும் அதன் முதல் விதியும்

ஜப்பானின் வடகிழக்கே மலைகள் சூழக் கிடக்கும் ஐசு சமவெளி 1643-ஆம் ஆண்டு ஹோஷினா மசாயுகியின் கைக்கு வந்தது. 2,30,000 கோகு விளைச்சல் மதிப்புள்ள சமஸ்தானம் அது. ஓர் ஆள் ஓராண்டு உண்ணும் அரிசியை ஒரு கோகு என்று கணக்கிடுவார்கள். நாட்டை ஆண்ட படைத்தலைவர்களான ஷோகன்களில் இரண்டாமவர் ஹிதெதாதாவின் மகன் மசாயுகி. ஆனால் பட்டத்து மனைவி பெற்ற பிள்ளை அல்லர். ஆகவே ஹோஷினா குடும்பத்தில் வெளியே தெரியாமல் வளர்ந்தார். மூன்றாம் ஷோகன் இயெமிட்சு இப்படியொரு தம்பி இருப்பதை அறிந்து அவரை அருகில் வைத்துக்கொண்டார். கண்மூடும் முன் தன் இளம் மகனையும் அவரிடமே ஒப்படைத்தார்.

அந்த நன்றிக்கடன்தான் இந்த வம்சத்தின் அஸ்திவாரம். 1668-ல் மசாயுகி 15 விதிகள் கொண்ட குலச்சட்டம் ஒன்றை வகுத்தார். ஷோகனுக்கு முழு மனத்தோடு ஊழியம் செய்ய வேண்டும், மற்றச் சமஸ்தானங்களைப் பார்த்து நடக்கக் கூடாது என்பது முதல் விதி. பின்னாளில் வரும் தலைவன் எவனாவது இரண்டகம் நினைத்தால் அவன் தன் சந்ததி அல்லன், அவனுக்குப் பணிய வேண்டாம் என்றும் அதில் சேர்த்தார். தன் வாரிசுகளுக்கே இப்படிக் கடிவாளம் போட்டவர்கள் அபூர்வம்.

அவருடைய ஆட்சியைப் படிக்கப் படிக்க மதிப்பு கூடுகிறது. பஞ்சகாலத்தில் கடனாகக் கொடுக்க நெற்களஞ்சியங்கள் அமைத்தார். 90 வயது கடந்தவர்களுக்குக் குலம் பாராமல் அரிசி வழங்கினார். 1657-ன் பெருந்தீயில் ஷோகனின் தலைநகரான எடோவில் கோட்டையின் நடுக்கோபுரம் எரிந்தபோது, அதைத் திரும்பக் கட்டுவதைவிட ஊரைச் சீராக்குவதே முக்கியம் என்று வாதாடினார். கோபுரம் பிறகு எழும்பவே இல்லை.

அடுத்த தலைமுறைகள் மாட்சுதாய்ரா என்ற குடும்பப் பெயரை ஏற்றன. 1803-ல் நிஷின்கான் என்னும் பள்ளி எழுந்தது. சாமுராய் வீட்டுப் பையன்கள் 10 வயதில் சேர்ந்தார்கள். சீன நூல்கள், கணிதம், மருத்துவம், வில், வாள், ஈட்டி எல்லாம் அங்கே உண்டு. நீச்சல் பழகக் குளமும், வானத்தைப் பார்க்க மேடையும் இருந்தன. பின்னால் 1868 போரில் பள்ளி எரிந்துபோக, அந்த வானியல் மேடை மட்டும் பழைய இடத்தில் இன்றும் நிற்கிறது.

1862-ல் பேரரசர் வாழ்ந்த க்யோட்டோ நகரம் கொலைகளால் கலங்கிக் கிடந்தது. அங்கே காவல் தலைமை ஏற்கும்படி ஷோகனின் அரசு ஐசுவைக் கேட்டது. அப்போதைய தலைவர் கதாமோரிக்கு வயது 26. வேறொரு வீட்டிலிருந்து தத்து வந்தவர். செலவு தாங்காது, பகை சேரும் என்று சைகோ தனோமோ முதலிய மூத்த அமைச்சர்கள் தடுத்தார்கள். அவர்கள் சொன்னது அத்தனையும் சரி. ஆனால் எடோவிலிருந்து வற்புறுத்தியவர்கள் முதல் விதியை நினைவூட்டினார்கள். தத்துப் பிள்ளையால் அதற்கு மறுப்புச் சொல்ல முடியவில்லை.

க்யோட்டோவில் அவர் பேரரசர் கோமெய்யின் நம்பிக்கையைப் பெற்றார். 1863-ல் சோஷு சமஸ்தானத்தாரை நகரைவிட்டு வெளியேற்றியதற்காகப் பேரரசர் தம் கைப்பட அவருக்குப் பாராட்டுக் கடிதம் எழுதினார். 1867 தொடக்கத்தில் கோமெய் மறைந்தார். மறு ஆண்டு டோபா-ஃபுஷிமி போரில் ஷோகன் தரப்புக்கு எதிராகச் சோஷுவும் சத்சுமா சமஸ்தானமும் பேரரசக் கொடியை ஏந்தி நின்றன. பேரரசரைக் காத்த ஐசு, அரசத் துரோகி ஆயிற்று. முன்னாள் ஷோகன் யோஷினோபு படையை அப்படியே விட்டுவிட்டு ஒசாகாவிலிருந்து கப்பலேறினார். கதாமோரியையும் உடன் அழைத்துச் சென்றார். வீரர்களைக் கைவிட்டு வந்த அந்தப் பயணம்தான் கதாமோரியின் வாழ்வில் என்னால் எளிதில் ஏற்க முடியாத பகுதி.

போர் ஐசுவை நோக்கித் திரும்பியது. 1868 அக்டோபரில் அதன் எல்லைக் காவலான போனாரி கணவாய் உடைந்தது. எதிரிகள் கோட்டை நகருக்குள் புகுந்தார்கள். சைகோ தனோமோவின் வீட்டில் மட்டும் பெரும்பாலும் பெண்களும் குழந்தைகளுமாக 21 பேர் உயிரை மாய்த்துக்கொண்டார்கள். ப்யாக்கோதாய் என்ற ஐசு இளைஞர் படையின் 16, 17 வயதுப் பிள்ளைகளில் 19 பேர் இயிமோரி குன்றில் மடிந்தார்கள். பிற்காலத்தில் இந்தச் சாவுகளையே ஐசுவின் பெருமையாகப் பாடினார்கள். எனக்கு அதில் உடன்பாடில்லை. உயிரோடு நின்றவர்களிடம்தான் அந்தப் பள்ளியும் அந்த வீடுகளும் வளர்த்த திண்மை தெரிகிறது.

ஐசு தளபதி யமாகாவா ஹிரோஷி கிராமத்துச் சிங்க ஆட்டக்காரர்களை முன்னால் விட்டு, குழலும் முரசும் முழங்க, திகைத்து நின்ற முற்றுகைப் படையின் நடுவே தன் வீரர்களைக் கோட்டைக்குள் கொண்டுசேர்த்தார். துப்பாக்கி ஆசான் வீட்டுப் பெண் யாஎ, இறந்த தம்பியின் உடையை அணிந்து ஸ்பென்சர் துப்பாக்கியால் சுட்டார். விழுந்த குண்டுகளைப் பெண்கள் ஈர மெத்தைகளால் மூடி அணைத்தார்கள். ஹிரோஷியின் மனைவி அப்படித்தான் இறந்தார். ஒரு மாதம் தாங்கிய கோட்டை நவம்பர் 6 அன்று சரணடைந்தது.

வம்சத்துக்கு மிஞ்சியது வடகோடியில் தோனாமி என்ற குளிர்நிலம். பெயருக்கு 30,000 கோகு. விளைந்ததோ ஏறத்தாழ 7,000. சுமார் 17,000 பேர் அங்கே குடிபெயர்ந்தார்கள். பசியும் பனியும் பலரை விழுங்கின. 1871-ல் சமஸ்தான முறையே ஒழிந்தது.

பிறகு நடந்ததைச் சொல்லாமல் இந்த வரலாறு முடியாது. ஹிரோஷியின் தம்பி கென்ஜிரோ, சோஷு வீரர் ஒருவரின் உதவியால் படிப்பைத் தொடர்ந்து, அமெரிக்காவின் யேலில் இயற்பியல் கற்று, 1901-ல் டோக்யோ பேரரசப் பல்கலைக்கழகத்தின் தலைவரானார். முற்றுகையின்போது எட்டு வயதாயிருந்த தங்கை சுதெமாட்சு, அமெரிக்காவில் கல்லூரிப் பட்டம் பெற்ற முதல் ஜப்பானியப் பெண். அவர் மணந்த ஒயாமா இவாவோ, அதே கோட்டையைத் தாக்கவந்த சத்சுமா பீரங்கிப் படையில் இருந்தவர். யாஎயின் கணவரும் அண்ணன் ககுமாவும் 1875-ல் டோஷிஷா என்ற பள்ளியைத் தொடங்கினார்கள்.

கோமெய்யின் கடிதத்தைக் கதாமோரி மூங்கில் குழாயில் இட்டு, 1893-ல் இறக்கும்வரை உடலோடு வைத்திருந்தார். தன்னை நியாயப்படுத்த ஒருபோதும் வெளியே எடுக்கவில்லை. 1911-ல் யமாகாவா சகோதரர்களின் நூல் அதை நாட்டுக்குக் காட்டியது. 1928-ல் கதாமோரியின் பேத்தி செட்சுகோ, அப்போதைய பேரரசரின் தம்பி இளவரசர் சிசிபுவை மணந்தார்.