அலன் பேஜ்: களத்து விதியும் சட்ட விதியும்

மினசோட்டா வைகிங்ஸ் அணியின் தடுப்பாட்டக்காரர்கள் ஒரு அறையில் கூடியிருக்கிறார்கள். ஆட்ட வியூகங்கள் எழுதப்பட்ட புத்தகத்தை ஒவ்வொருவராகச் சத்தமாக வாசிக்கச் சொல்கிறார் பயிற்றுநர். சிலர் சரளமாக வாசிக்கிறார்கள். சிலர் எழுத்துக் கூட்டித் திணறுகிறார்கள். ஒரு சிலருக்கு வாசிக்கவே வரவில்லை. இத்தனைக்கும் எல்லோருமே பல்கலைக்கழக அணிகளில் ஆடி, அங்கிருந்து தொழில்முறை லீக்குக்கு வந்தவர்கள்.

அந்த அறையில் இருந்த ஒருவர் இந்தக் காட்சியைப் பிறகு பல மேடைகளில் சொல்லியிருக்கிறார். பெயர் அலன் பேஜ். அந்த ஆட்கள் மொக்கர்கள் இல்லை என்பதுதான் அவர் சொன்ன விசயம். மைதானத்தில் அவர்கள் தேவைப்பட்டதால் ஒவ்வொரு வகுப்பிலும் யாரோ ஒருவர் கண்ணை மூடிக்கொண்டு பாஸ் போட்டு அனுப்பியிருக்கிறார். உடம்புக்கு விலை இருக்கும் வரைக்கும் இவனுக்கு வாசிக்கத் தெரியுமா எண்டு ஒருத்தரும் கேட்கவில்லை. பேஜின் வாழ்க்கையை வாசிக்கும்போது அந்த அறைதான் எங்களுக்குத் திரும்பத் திரும்ப ஞாபகம் வருகிறது.

முதலில் ஆட்டத்தைப் பற்றிக் கொஞ்சம் சொல்ல வேண்டும். அமெரிக்க உதைபந்தில் கால் வேலை குறைவு. எங்கட ஊரில் றகர் பார்த்தவர்களுக்கு ஓரளவு பிடிபடும். ஒரு பக்கத்துக்கு 11 பேர். பந்து வைத்திருக்கும் அணி நான்கு முயற்சிகளுக்குள் 10 யார் முன்னேற வேண்டும். அவர்களை மறிப்பது தடுப்பாட்டக்காரர்களின் வேலை. பேஜ் ஆடியது அந்தத் தடுப்பு வரிசையின் நடுப்பகுதியில். எதிரே நிற்கும் மலை மாதிரியான ஆட்களை உடைத்துக்கொண்டு போய், குவாட்டர்பக் பந்தை எறிய முதல் அவரை வீழ்த்த வேண்டும். ரசிகர்களின் கண் எப்போதும் பந்தோடுதான் போகும். பந்தை மறிக்கிறவனின் பெயர் மெதுவாகத்தான் வெளியே வரும்.

பேஜ் 1945 ஓகஸ்ட் 7ஆம் திகதி ஒஹையோ மாநிலத்தின் கன்டன் நகரில் பிறந்தார். உருக்கு ஆலைகள் நிறைந்த ஊர் அது. கறுப்பினக் குடும்பம். பிள்ளைகளின் படிப்பில் தாயும் தகப்பனும் கண்டிப்பாக இருந்தார்கள். தாய் இறக்கும்போது பேஜுக்கு 13 வயது. 1954இல், பாடசாலைகளில் வெள்ளையரையும் கறுப்பினத்தவரையும் பிரித்து வைப்பது அரசியலமைப்புக்கு விரோதம் என்று அமெரிக்க உயர் நீதிமன்றம் பிரவுண் வழக்கில் தீர்ப்பளித்தபோது அவருக்கு 8 வயது. சட்டத்தால் ஒன்றை மாற்றலாம் என்ற எண்ணம் தனக்கு அங்கிருந்து வந்ததாகப் பிற்காலத்தில் சொன்னார். சட்டத்தரணியாக வேண்டும் என்ற ஆசை உதைபந்துக்கு முன்னமே இருந்தது.

கன்டன் நகரில்தான் தொழில்முறை உதைபந்தின் புகழ் மண்டபம் இருக்கிறது. 1963இல் அது திறக்கப்பட்டது. அதைக் கட்டிய கூலியாட்களில் இளைஞனான பேஜும் ஒருவர். 25 வருசம் கழித்து அதே மண்டபத்துக்குள் அவருடைய பெயர் சேர்க்கப்பட்டது. சினிமாவில் வந்தால் நம்பமாட்டோம், ஆனால் நடந்தது.

நோட்டர் டேம் பல்கலைக்கழகத்தில் படித்தார். அவர் ஆடிய அணி 1966இல் தேசியச் சம்பியன் ஆனது. 1967இல் வைகிங்ஸ் அவரை எடுத்தது. கார்ல் எலர், ஜிம் மார்ஷல், கெரி லார்சன், பேஜ் என்ற நால்வர் வரிசையை, ஜேர்சியின் ஊதா நிறத்தை வைத்து ‘ஊதா மனிதந்தின்னிகள்’ என்று அழைத்தார்கள். 1969 பருவத்தின் 14 போட்டிகளில் அந்த அணி எதிரணிகளுக்குக் கொடுத்தது மொத்தமே 133 புள்ளிகள்.

1971இல் டிட்ரொயிட் லயன்ஸுடன் நடந்த போட்டி ஒன்றில் நடுவர்கள் தனக்கு எதிராகச் சொன்ன தீர்ப்புகளால் பேஜ் கொதித்துப் போனார். அந்தக் கோபத்தை அப்படியே ஆட்டத்தில் இறக்கினார். அடுத்தடுத்த முயற்சிகளில் லயன்ஸ் பின்னுக்குத்தான் போனது. அந்த வருசம் லீக்கின் மிகப் பெறுமதியான வீரராக அசோசியேட்டட் பிரஸ் அவரைத் தெரிவு செய்தது. ஒரு தடுப்பாட்டக்காரருக்கு அந்த விருது கிடைத்தது அதுதான் முதல் தடவை. அடுத்தவருக்குக் கிடைக்க 1986 வரை போனது.

15 பருவங்களில் 218 லீக் போட்டிகள், ஒன்றைக்கூடத் தவறவிடவில்லை. ஆனால் அவருடைய பிரதான வேலையான குவாட்டர்பக்கை வீழ்த்துவதை லீக் உத்தியோகபூர்வமாக எண்ணத் தொடங்கியது 1982இல்தான். பேஜ் கடைசியாக ஆடியது 1981. யாருடைய உழைப்பு கணக்கில் எழுதப்படும், யாருடையது விடுபடும் என்பது எழுதுகோல் யாருடைய கையில் இருக்கிறது என்பதைப் பொறுத்தது. இதை வரலாறு படிக்கிற எங்களுக்கு ஒருவர் விளக்கத் தேவையில்லை.

பேஜுக்கும் அது விளங்கியிருந்தது. அவர் வைகிங்ஸில் வீரர்களின் தொழிற்சங்கப் பிரதிநிதி. பிறகு சங்கத்தின் நிறைவேற்றுக் குழுவிலும் இருந்தார். அந்தக் காலத்தில், ஒப்பந்தம் முடிந்த வீரர் ஒருவர் வேறு அணிக்குப் போனால், பழைய அணிக்கு நட்டஈடாக என்ன கொடுக்க வேண்டும் என்பதை லீக்கின் ஆணையாளரே தீர்மானிப்பார். ஆணையாளர் பீட் ரொசெலின் பெயரால் அதை ‘ரொசெல் விதி’ என்பார்கள். என்ன விலை வரும் என்று தெரியாததால் மற்ற அணிகள் அப்படியான வீரர்களைத் தொடவே பயந்தன. பேச்சளவில் வீரருக்குச் சுதந்திரம், நடைமுறையில் அவர் கட்டப்பட்ட மாடு. 1974 கோடையில் வீரர்கள் வேலைநிறுத்தம் செய்தார்கள். சில வாரங்களில் அது பிசுபிசுத்துப் போனது. ஆனால் வீரர்கள் தொடுத்த வழக்கு வேலை செய்தது. 1975இலும், மேன்முறையீட்டில் 1976இலும், அந்த விதி சட்டவிரோதம் என்று நீதிமன்றங்கள் சொல்லிவிட்டன. வீதியில் தோற்றது ஏட்டில் வென்றது.

இதே காலத்தில்தான் பேஜ் சட்டம் படிக்கப் போனார். முன்னமும் ஒருதடவை சட்டக் கல்லூரியில் சேர்ந்து, சில வாரங்களிலேயே விட்டுவிட்டு வந்தவர் அவர். 1975இல் மினசோட்டா பல்கலைக்கழகத்தில் மறுபடி தொடங்கினார். பகலில் விரிவுரை, பயிற்சி, ஞாயிறில் போட்டி. 1978இல் பட்டம் கிடைத்தது.

அதே 1978இல் வைகிங்ஸ் அவரைப் பருவத்தின் நடுவிலேயே வெளியே அனுப்பியது. அதற்குள் அவர் தூர ஓட்டத்தில் இறங்கி, எடை நன்றாகக் குறைந்திருந்தார். பயிற்றுநர் பட் கிராண்டுக்கு அந்த மெலிந்த உடம்பு போதவில்லை. ஏழு வருசத்துக்கு முன் லீக்கின் மிகப் பெறுமதியான வீரராக இருந்தவரை, விடுவிக்கப்பட்ட வீரருக்கான வழமையான கட்டணமான 100 டொலரைக் கட்டி சிக்காகோ பெயார்ஸ் எடுத்துக்கொண்டது. அங்கே 1981 வரை ஆடினார். இடையில், 1979இல், ஒரு முழு மரதனையும் ஓடி முடித்தார். லீக்கில் ஆடிக்கொண்டிருந்த ஒரு வீரர் அதைச் செய்தது அதுவே முதல் தடவை.

பெரும்பாலான வீரர்களின் சரித்திரம் இந்த இடத்தில் முடிந்துவிடும். பேஜ் ஒரு சட்ட நிறுவனத்தில் வேலை செய்தார். பின்னர் மினசோட்டா சட்டமா அதிபர் அலுவலகத்தில் சேர்ந்தார். அந்த மாநிலத்தில் உயர் நீதிமன்ற நீதியரசர்களை மக்களே வாக்களித்துத் தெரிவு செய்கிறார்கள். 1992இல் பேஜ் போட்டியிட வந்தபோது, அந்த ஆசனத்தில் இருந்த நீதியரசரின் பதவிக்காலத்தை ஆளுநர் நீடித்தார். ஆகவே தேர்தலே இல்லை என்று ஆனது. பேஜ் வழக்குப் போட்டார். விவகாரம் உயர் நீதிமன்றத்தின் சொந்த ஆசனம் பற்றியது என்பதால் வழமையான நீதியரசர்கள் ஒதுங்கிக்கொண்டார்கள். அவர்களுக்குப் பதிலாக அமர்ந்தவர்கள் தேர்தல் நடக்க வேண்டும் என்று தீர்ப்பளித்தார்கள். பேஜ் நின்றார், வென்றார். 1993 ஜனவரியில் மினசோட்டா உயர் நீதிமன்றத்தின் முதலாவது கறுப்பின நீதியரசராகப் பதவியேற்றார். மேலும் மூன்று தேர்தல்களில் வென்று, கட்டாய ஓய்வு வயதான 70 வரும்வரை, 2015 மட்டும் அங்கே இருந்தார்.

இதை ‘முயன்றால் முடியும்’ கதையாகச் சுருக்கிவிடலாம். பேஜ் அதற்கு இடம் தரவில்லை. 1988இல் புகழ் மண்டபத்தில் அவரை அறிமுகப்படுத்தி வைக்க ஒரு பழைய பயிற்றுநரையோ சக வீரரையோ அவர் அழைக்கவில்லை. மினியாபொலிஸின் பாடசாலை அதிபர் ஒருவரை, ஒரு கறுப்பினப் பெண்ணை அழைத்தார். தன்னுடைய உரையையும் கல்வி பற்றியே நிகழ்த்தினார். அதே வருசம் அவரும் மனைவி டயானும் பேஜ் கல்வி மன்றத்தைத் தொடங்கினார்கள். மினசோட்டாவின் வெள்ளையரல்லாத மாணவர்களுக்கு அது புலமைப்பரிசில் கொடுக்கிறது. ஒரு நிபந்தனை உண்டு: காசு வாங்கும் மாணவர் சின்ன வகுப்புப் பிள்ளைகளுக்குப் படிப்பில் உதவ வேண்டும். ஆயிரக்கணக்கானோர் அப்படிப் படித்திருக்கிறார்கள். வாசிக்கத் தெரியாமலே பல்கலைக்கழகம் கடந்து வந்த அந்த வீரர்களை எந்த வயதில் பிடித்திருக்க வேண்டுமோ, அந்த வயதுக்கே போய் நிற்கிறது இந்தத் திட்டம்.

அவர் சொன்ன எல்லாவற்றையும் எல்லோரும் ஏற்றுக்கொள்ளவில்லை. 2020இல் பேஜும், மினியாபொலிஸ் மத்திய வங்கிக் கிளையின் தலைவர் நீல் கஷ்காரியும் சேர்ந்து, தரமான பொதுக்கல்வியை ஒவ்வொரு பிள்ளையின் அடிப்படை உரிமையாக மாநில அரசியலமைப்பில் எழுத வேண்டும் என்று முன்மொழிந்தார்கள். கடுமையாக எதிர்த்தவர்களில் ஆசிரியர் தொழிற்சங்கமும் ஒன்று. பொதுப் பாடசாலைக்குப் போக வேண்டிய காசு தனியாருக்குப் போக இது வழி திறந்துவிடும் என்பது அவர்களின் பயம். ஒருகாலத்தில் தொழிற்சங்கத்துக்காக நின்ற மனிதருக்கு எதிராக ஒரு தொழிற்சங்கம். இதில் யார் சரி எண்டு சட்டென்று சொல்லிவிட முடியாது. சட்டத்தில் ஒரு வரியை மாற்றினால் வகுப்பறை மாறிவிடுமா என்ற கேள்வி அங்கேயும் திறந்தபடிதான் இருக்கிறது.

2017இல் மினியாபொலிஸில் ஒரு நடுநிலைப் பாடசாலையின் பெயர் மாறியது. முன்பு அது அலெக்சாண்டர் ராம்சி என்ற பழைய ஆளுநரின் பெயரில் இருந்தது. 1862இல் டக்கோட்டா பழங்குடி மக்களை அழிக்க வேண்டும், அல்லது மாநிலத்தைவிட்டே துரத்த வேண்டும் என்று அறைகூவியவர் அவர். அந்தப் பெயர் வேண்டாம் என்று இயக்கம் நடத்தியது மாணவர்கள். புதுப் பெயராக வந்தது ‘ஜஸ்டிஸ் பேஜ்’.

பேஜின் ஒரு சின்னவிரல் ஆட்டக் காயத்தால் செங்கோணத்தில் வளைந்தபடி நிற்கிறது. வகுப்பறைகளுக்கு அவர் போகும்போது பிள்ளைகள் முதலில் கேட்பது அந்த விரலைப் பற்றித்தானாம். அவரும் ஆசிரியையான மகளும் சேர்ந்து 2013இல் அதையே ஒரு சிறுவர் கதைப் புத்தகமாக எழுதினார்கள். பிள்ளைகள் வாசிக்க வேண்டும் என்பதற்காக.